அரசர் வீடும் வைன் சாடியும்: காகெத்தியில் ஒரு நாள்

"அரச காகெத்தியும் வைனும், ஒரே நாளில்" என்று அந்தச் சுற்றுலாவுக்குப் பெயர் போட்டிருந்தார்கள். காலை எட்டரைக்கு திபிலீசியில் வானில் ஏறினால் இரவு எட்டரைக்குள் ஒரு அரண்மனை, ஒரு கோட்டை, ஒரு பிரபுவின் மாளிகை, நடுவில் ஒரு கிராமத்து வீட்டில் சாப்பாடும் நாலைந்து வகை வைனும். பெயரை வாசித்தவுடனேயே எங்களுக்குள் சண்டை தொடங்கிவிட்டது.

நாங்கள் நாலு பேர். மன்னாரில் இருந்து ஒருத்தி, யாழ்ப்பாணத்தில் வலிகாமப் பக்கம் ஒருத்தி, மட்டக்களப்பான் ஒருவன், ஹட்டன் பக்கத் தோட்டமொன்றில் பிறந்தவன் ஒருவன். நாலு பேருக்கும் வேலை கட்டாரில். (இந்தக் கட்டுரையையும் நாலு பேரும் சேர்ந்துதான் எழுதுகிறோம். எந்த வரி யாருடையது எண்டு கேக்காதேங்கோ, எங்களுக்கே இப்ப தெரியாது.) ஐரோப்பாவுக்கு விசா எடுக்கிறது எங்கள் கடவுச்சீட்டுக்கு எவ்வளவு பாடு என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. ஜோர்ஜியா அப்படியில்லை. நாங்கள் போன நேரம் வளைகுடா நாடொன்றின் வதிவிட அட்டை கையில் இருந்தால் விசா கேட்கவில்லை. அதனால்தான் கட்டாரிலும் டுபாயிலும் இருக்கிற எங்கட ஆக்கள் பெருநாள் லீவு வந்தால் அங்கே போய்ப் பனிக்குள் நின்று படம் போடுகிறார்கள். நாங்கள் போனது ஒக்டோபரில். பனி மலை உச்சியில் மட்டும்தான் கிடந்தது.

சண்டை என்னவென்றால், மன்னார்க்காரிக்கு அரண்மனை வேணும், வைன் வேண்டாம். குடிக்கக்கூடாது என்பதில்லை. கையில் கிளாசோடு ஒரு படம் எப்படியாவது ஊருக்குப் போய்விடும், பிறகு கலியாணப் பேச்சு நடக்கிற இடமெல்லாம் அந்தப் படம் தனக்கு முன்னாலேயே போய் இருக்கும் என்ற பயம். வலிகாமத்தாள் நேரெதிர். "நான் வைனுக்காகத்தான் வாறன். அரண்மனையை ஆர் பாக்கிறது" என்றாள். மட்டக்களப்பானுக்கு எல்லாம் ஒன்றுதான். "ரெண்டும் ஒரே காசுதானேகா, பிறகென்ன." ஹட்டன்காரன் மட்டும் ஒன்றும் சொல்லவில்லை. அவன் குடிக்கிறதில்லை என்று எங்களுக்குத் தெரியும். ஏன் என்றும் தெரியும். "நீங்க போங்க, நானும் வர்றேன்" என்றான், அவ்வளவுதான்.

எங்கள் வழிகாட்டி எங்களை விட நாலைந்து வயது கூடியவள். பெயரைச் சொல்லிக் கூப்பிட வாய் வராமல் முதல் அரை மணித்தியாலத்திலேயே எங்களுக்குள் அவள் 'அக்கா' ஆகிவிட்டாள். வான் திபிலீசியை விட்டு கொம்போரி மலைப்பாதையில் ஏறியது. தெலாவிக்கு அந்த வழியால் ஏறக்குறைய 70 கிலோமீற்றர், கணவாய் 1,600 மீற்றருக்கு மேல். இலையெல்லாம் மஞ்சளும் சிவப்புமாய் நின்றது. ஹட்டன்காரன் கண்ணாடியில் முகத்தை வைத்து, "எங்க ஊரு ரோடு மாதிரியே வளைவு, ஆனா மரம் வேற" என்று சொல்லிக்கொண்டே வந்தான். இடையில் ஒரு செம்மறி மந்தை ரோட்டை மறித்தது. மலையில் மேய்ச்சல் முடிந்து கீழே இறக்குகிற காலமாம். இருபது நிமிடம் நின்றோம். அன்றைக்கு எடுத்த படங்களில் ஆகலும் நல்ல படங்கள் அந்த ஆடுகளுடையவைதான்.

தெலாவி அரண்மனையைப் பார்த்து முதலில் ஏமாந்து போனோம். அரண்மனை என்றால் எங்கள் தலைக்குள் இருக்கிறது வேறு. இது சுற்றுமதிலுக்குள் தாழ்ந்த, நீண்ட, பாரசீகச் சாயலில் கட்டிய ஒரு வீடு. மரத்தூண் வைத்த விறாந்தை, வண்ணக் கண்ணாடி வைத்த ஜன்னல். இரண்டாம் எரெக்லே மன்னன் 1720 இல் பிறந்ததும் 1798 இல் இறந்ததும் இந்த ஊரில்தான். வெளியே குதிரையில் சிலையாக இருக்கிறான்.

அவனுடைய கதையை அக்கா சொன்ன விதம்தான் எங்களைப் பிடித்தது. தெற்கே பாரசீகம், மேற்கே துருக்கி, மலைக்கு அப்பால் தாகெஸ்தானில் இருந்து கொள்ளைக்கு இறங்குகிறவர்கள். நடுவில் ஒரு சின்ன அரசு. 1783 இல் எரெக்லே ரஷ்யாவோடு ஒப்பந்தம் செய்தான். நீ என் வெளியுறவைப் பார்த்துக்கொள், எனக்கு ஆபத்து வந்தால் படை அனுப்பு, என் வம்சத்துச் சிம்மாசனத்தைத் தொடாதே. 1795 செப்டெம்பரில் ஆகா முகமத் கான் வந்து திபிலீசியை எரித்தபோது ரஷ்யப் படை வந்து காக்கவில்லை. எழுபதைத் தாண்டிய கிழவன் கிர்த்சானிசி என்ற இடத்தில் நின்று சண்டை பிடித்துத் தோற்றான். மூன்று வருடத்தில் செத்தான். மகனும் 1800 முடிவில் செத்தான். 1801 இல் ரஷ்யா நாட்டையே விழுங்கிவிட்டது. ஒப்பந்தத்தில் இருந்த சிம்மாசனம் எங்கே போனது என்று கேட்க ஆளில்லை.

"1815" என்றான் மட்டக்களப்பான் மெதுவாக. கண்டி ஒப்பந்தம் எங்கள் நாலு பேருக்கும் பள்ளிக்கூடத்தில் மனப்பாடம். அங்கேயும் கையெழுத்து, அங்கேயும் வாக்குறுதி, கடைசி அரசன் வேலூர்க் கோட்டையில் கிடந்து 1832 இல் செத்தது. அக்காவுக்கு இலங்கையில் அரசர்கள் இருந்ததே புதுத் தகவல். நாங்கள் சொல்லச் சொல்லக் கேட்டுவிட்டு, "உங்கள் அரசி என்ன செய்தாள்?" என்றாள். நாங்கள் முழித்தோம். அவள் தங்கள் அரசியின் கதையைச் சொன்னாள். எரெக்லேயின் மகன் செத்த பிறகு அவனுடைய மனைவி மரியாமை ரஷ்யாவுக்கு நாடு கடத்த 1803 இல் ஒரு ஜெனரல் அவளுடைய அறைக்கே வந்தான். எழும்பு என்றான். அவள் ஒளித்து வைத்திருந்த குத்துவாளால் அவனைக் குத்திக் கொன்றாள். பிறகு அவளை இழுத்துக்கொண்டு போய் ரஷ்யாவில் ஒரு கன்னியர் மடத்தில் அடைத்தார்கள். 'வைன் டூர்' என்று ஏறின எங்களுக்குக் காலை பத்தரைக்கே கையில் இரத்தம் ஒட்டின மாதிரி இருந்தது.

அங்கிருந்து அலசானிப் பள்ளத்தாக்கைக் குறுக்கே கடந்து கிரெமி. பள்ளத்தாக்கு முழுக்கத் திராட்சை. அறுவடையின் கடைசி நாட்கள், ட்ரக்டர்களில் பெட்டி பெட்டியாகப் போய்க்கொண்டிருந்தது. அந்தப் பக்கம் சுவர் மாதிரி கோகசஸ் மலை.

தெலாவிக்கு முன்னர் காகெத்தி அரசர்களின் தலைநகர் கிரெமி. இப்போது நகரம் இல்லை. குன்றின் மேல் ஒரு கோயிலும் கோபுரமும், கீழே புல்லுக்குள் சில அத்திவாரங்களும்தான். கோயில் 1565 இல் லெவான் என்ற அரசன் கட்டியது. உள்ளே சுவரோவியங்கள் மங்கி நிற்கின்றன. 1610களில் பாரசீகத்து ஷா அப்பாஸ் வந்து இந்த ஊரைத் தரைமட்டமாக்கினான். கொன்றது பாதி, பிடித்துக்கொண்டு போனது மீதி. பல்லாயிரக்கணக்கான காகெத்திச் சனத்தை ஈரானுக்குள் நடத்திக்கொண்டு போய்க் குடியேற்றினான். இஸ்பஹான் மாகாணத்தில் பெரெய்துன்ஷகர் என்ற ஊர்ப் பக்கம் அவர்களின் வழிவந்த சனம் நானூறு வருடம் கழிந்தும் ஜோர்ஜிய மொழி பேசுகிறார்களாம். கிரெமி அதற்குப் பிறகு எழும்பவேயில்லை. தலைநகர் தெலாவிக்குப் போய்விட்டது.

அத்திவாரங்களுக்கு மேலே நின்று இதைக் கேட்க எங்களில் இரண்டு பேருக்கு வேறு இடங்கள் நினைவில் வந்தன. சுவர் இல்லாமல் வாசற்படி மட்டும் மிஞ்சின வீடுகளை நாங்கள் பார்த்திருக்கிறோம். அதை இங்கே நீட்ட விருப்பமில்லை. ஆனால் சுற்றுலாக் கூட்டத்தில் மற்றவர்கள் எல்லாரும் கோபுரத்தில் ஏற, நாங்கள் மட்டும் கீழே நின்றுவிட்டோம் என்பதைச் சொல்லத்தான் வேணும்.

கிரெமியில் அக்கா இன்னொரு அரசியைப் பற்றிச் சொன்னாள். கெத்தேவான். காகெத்தி அரசன் தெய்முராசின் தாய். ஷா அப்பாசிடம் பிணையாகப் போய், மதம் மாற மாட்டேன் என்று சொல்லி, 1624 இல் ஷிராசில் சித்திரவதைப்பட்டுச் செத்தவள். அங்கேயிருந்த போர்த்துக்கேய அகுஸ்தீனியக் குருமார் அவளுடைய எலும்புகளில் ஒரு பகுதியைக் கோவாவுக்குக் கொண்டுபோனார்கள். "கோவாவா?" என்று மன்னார்க்காரி துள்ளினாள். பழைய கோவாவில் இடிந்து கிடந்த அகுஸ்தீனிய ஆலயத்தில் எலும்பு கண்டெடுக்கப்பட்டு, ஹைதராபாத்தில் மரபணுச் சோதனை செய்து, 2021 இல் இந்திய வெளியுறவு அமைச்சர் திபிலீசிக்கு வந்து அதைக் கையளித்தாராம். மன்னார்க்காரியின் வீட்டுச் சுவரில் புனித ஜோசப் வாஸ் அடிகளின் படம் இருக்கிறது. அவரும் கோவாவில் இருந்துதான் 1687 இல் வேசம் மாறி எங்கள் கரைக்கு வந்தவர். "எல்லாரும் கோவாவால தான் போய் வந்திருக்கினம்" என்றாள். அந்த நாளில் அவளுக்கு இது போதும். வைனைப் பற்றின பயமும் அதோடு கொஞ்சம் குறைந்த மாதிரித்தான் இருந்தது.

மத்தியானம் ஒரு மணிக்குக் கிராமத்து வீட்டுக்குப் போனோம். இதுதான் எல்லாரும் காத்திருந்த இடம்.

வீட்டுக்குப் பின்னால் ஓடு போட்ட ஒரு கொட்டில். மரானி என்கிறார்கள். உள்ளே போனால் ஒன்றுமேயில்லை, மண் தரை. தரையில் வட்ட வட்டமாகச் சில மூடிகள். மூடியைத் திறந்தால்தான் விளங்கும், நாங்கள் நிற்பது சாடிகளுக்கு மேலே. க்வெவ்ரி என்ற அந்த மண்சாடிகளில் சில ஆளை விட உயரம், ஆயிரம் இரண்டாயிரம் லீற்றர் கொள்ளும். கழுத்து வரைக்கும் புதைத்து வைத்திருக்கிறார்கள். அடி முட்டை மாதிரிக் கூர்ந்து போகும். உள்பக்கம் தேன்மெழுகு பூசி, வெளிப்பக்கம் சுண்ணாம்பு அடித்துப் புதைப்பது. காகெத்தி முறையில் திராட்சையை மிதித்துச் சாறு, தோல், கொட்டை, காம்பு எல்லாத்தையும் ஒன்றாகச் சாடிக்குள் விடுகிறார்கள். அது தானாகவே நுரைத்துப் பொங்கும். ஒரு நாளைக்குப் பல தரம் தடியால் கிண்ட வேணும், இல்லாவிட்டால் தோல் மேலே மிதந்து கெட்டுப்போகும். பொங்கி அடங்கினதும் மூடி, மண்ணால் அடைத்து, வசந்தம் வரைக்கும் விடுவது. தோலும் கொட்டையும் மெதுவாக அந்தக் கூர் அடியில் போய்ப் படியும், வைன் மேலே தெளியும். வெள்ளைத் திராட்சைதான், ஆனால் மாதக்கணக்கில் தோலோடு கிடந்ததால் தேயிலைச் சாயத்தின் நிறத்துக்கு வந்துவிடும். பெரிய தந்திரம் என்னவென்றால் மண்தான். கோடையிலும் குளிரிலும் மண்ணுக்குள் சூடு பெரிதாக ஏறி இறங்காது, வேறு குளிரூட்டி தேவையில்லை.

இந்த முறையை 2013 இல் யுனெஸ்கோ பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. திபிலீசிக்குத் தெற்கே தோண்டி எடுத்த புதிய கற்காலச் சாடித் துண்டுகளில் திராட்சை வைனின் எச்சம் இருப்பதாக 2017 இல் ஆய்வாளர்கள் வெளியிட்டார்கள். ஏறக்குறைய கி.மு. 6000. அதனால் அந்த நாட்டில் எந்தக் கடைக்குப் போனாலும் '8,000 அறுவடைகள்' என்று எழுதியிருக்கும். விமான நிலையத்திலேயே தொடங்கிவிடும், மூன்றாம் நாளில் அலுத்துப்போகும்.

வீட்டுக்கார ஐயாவுக்கு அறுபது இருக்கும். ஒரு நீட்டுத் தடியின் நுனியில் கட்டியிருந்த ஏதோ ஒன்றைத் தூக்கிக் காட்டினார். செரி மரத்தின் பட்டையைத் தட்டையாய் அடுக்கிக் கட்டின தேய்ப்பான். வைனை எடுத்த பிறகு சாடியைக் கழுவுவதுதான் ஆகலும் கஷ்டமான வேலையாம். சரியாய்க் கழுவாவிட்டால் அடுத்த வருடத்து வைன் முழுக்க நாறிவிடும். வலிகாமத்தாள் அந்தத் தேய்ப்பானைக் கையில் வாங்கிக் கனநேரம் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு, "உள்ளுக்கு மெழுகு, வெளியில சுண்ணாம்பு. எங்கட முட்டிக்கு உள்ளுக்கெல்லே சுண்ணாம்பு" என்றாள். எங்களுக்கு உடனே பிடிபடவில்லை. கருப்பநீர் எடுக்க முட்டிக்குள் சுண்ணாம்பு பூசுவதைச் சொல்கிறாள். பூசாவிட்டால் அது கள்ளு. அவளுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும் என்று அந்த நேரம் ஒருவரும் கேட்கவில்லை.

சாப்பாடு மேசை நிறைந்து வழிந்தது. வால்நட் அரைத்த கத்தரிக்காய், சீஸ் வைத்த ரொட்டி, கொடிக்கட்டை நெருப்பில் சுட்ட பன்றி இறைச்சி. எங்களில் இரண்டு பேர் அதைத் தொடவில்லை, மற்ற இரண்டு பேர் அந்தப் பங்கையும் முடித்தார்கள். வைன் ஒவ்வொன்றாய் வந்தது. முதலில் சினந்தாலி, புளிப்பும் வாசமுமாய் மெல்லிய வெள்ளை. பிறகு சாடியில் கிடந்த அந்தத் தேயிலை நிறத்து வைன். நாக்கில் துவர்க்கும், பிஞ்சு நாவற்பழம் தின்ற மாதிரி. எங்களுக்கு முதல் வாயில் பிடிக்கவில்லை, மூன்றாம் வாயில் பிடித்துப்போயிற்று. பிறகு சாபெராவி. சாயம் என்று அர்த்தமாம். பெயருக்கு ஏற்ற மாதிரி பல்லெல்லாம் கறுத்தது. கடைசியில் கிந்த்ஸ்மராவுலி, இனிப்பு. மன்னார்க்காரி அரை கிளாஸ் அதைக் குடித்துவிட்டு, "கோயில்ல தாறது இதை விட நல்லம்" என்று தீர்ப்பு சொன்னாள். போன்கள் எல்லாம் வானில் கிடந்தன. அது அவள் போட்ட நிபந்தனை.

ஒவ்வொரு கிளாசுக்கும் முன்னால் வீட்டுக்கார ஐயா எழும்பி நின்று பேசினார். அங்கே சும்மா குடிப்பதில்லை. தமதா என்று ஒருவர் இருப்பார், அவர் ஒன்றை நினைத்துச் சொல்லி 'கவுமார்ஜொஸ்' என்ற பிறகுதான் கிளாஸ் வாய்க்குப் போகும். வெற்றி உண்டாகட்டும் என்று பொருள். கடவுளுக்கு, சமாதானத்துக்கு, விருந்தாளிகளின் ஊருக்கு. நாலாவதாக, செத்தவர்களுக்கு. அதற்கு மட்டும் ஐயா கிளாசைத் தூக்கவில்லை. ஒரு துண்டுப் பாணை எடுத்து அதில் கொஞ்சம் வைனை ஊற்றினார்.

அதுவரைக்கும் ஹட்டன்காரன் தண்ணீர்க் கிளாசைத் தூக்கித்தான் எல்லாத்துக்கும் தலையாட்டிக்கொண்டிருந்தான். ஐயா அதைக் கவனித்தும் ஒன்றும் கேட்கவில்லை. இந்த முறை அவன் தனக்கு முன்னால் தொடாமல் கிடந்த சாபெராவியை எடுத்து ஒரு பாண் துண்டில் ஊற்றினான். கொஞ்சமல்ல. பாண் முழுக்க ஊறி, தட்டில் வழிந்து, மேசை விரிப்பில் பட்டது. ஒருவரும் பேசவில்லை. வீட்டுக்கார அம்மா துணி எடுத்துக்கொண்டு வந்தவர் அப்படியே நின்றார். ஐயா அவனுடைய தோளில் ஒரு தரம் தட்டிவிட்டு உட்கார்ந்தார். அக்கா மொழிபெயர்க்க ஒன்றும் இருக்கவில்லை.

அவனுடைய அப்பாவைத் தின்றது சாராயம். செத்தபோது வயது நாற்பத்தாறு. அம்மா கொழுந்து பறித்த காசு தவறணைக்குப் போன கதைகளை மூன்று வருட நட்பில் துண்டு துண்டாய்க் கேட்டிருக்கிறோம். தோட்டங்களைச் சுற்றித் தவறணைகள் தற்செயலாய் முளைத்தவை இல்லை. வெள்ளைக்காரன் காலத்தில் சாராயக் குத்தகை அரசாங்கத்துக்கு முக்கியமான வருமானம். கூலியாய்க் கொடுத்த காசில் ஒரு பங்கு அந்த வழியால் திரும்பிப் போனது.

வீட்டுக்கார அம்மா பிறகு அவனைக் கூப்பிட்டு வெளியே கொண்டுபோனார். முற்றத்தில் பெரிய கிடாரத்தில் புதுத் திராட்சைச் சாற்றை மாவோடு காய்ச்சிக் கொண்டிருந்தார்கள். நூலில் கோத்த வால்நட்டை அதற்குள் தோய்த்துத் தோய்த்து எடுத்துக் காய விடுவார்கள், சுர்ச்கேலா. மெழுகுதிரி மாதிரிக் கொடியில் வரிசையாய்த் தொங்கும். போதை துளியும் கிடையாது. அவன் துடுப்பை வாங்கிக் கிண்டினான். எங்களுக்கு அந்தக் கூழைப் பார்த்து வாய் ஊறியது. வழித்துத் தின்றால் பனங்களியைக் காய்ச்சின இனிப்பு.

வானில் திரும்ப ஏறினதும்தான் உண்மையான சண்டை. மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு எல்லாரும் நித்திரையாவார்கள் என்று நினைத்தோம். மட்டக்களப்பான் பகிடியாய்த்தான் தொடங்கினான். "இவனுகள் சாடியைப் புதைச்சு யுனெஸ்கோவுக்குக் காட்டுறானுகள். நாம கள்ளு முட்டிய மரத்துல கட்டித்தான் வச்சிருக்கம், மறுகா எவன் பாக்குறான்." எல்லாரும் சிரித்தோம். வலிகாமத்தாள் சிரிக்கவில்லை.

"என்ர அப்பப்பா சீவினவர்" என்றாள்.

மூன்று வருடமாய் ஒன்றாய்ச் சமைத்துத் தின்கிறோம். இதை அவள் சொன்னதில்லை. நாங்களும் கேட்டதில்லை. யாழ்ப்பாணத்தில் கேட்காமலே கண்டுபிடிக்கிற வித்தை பலருக்குத் தெரியும்: எந்த ஊர், எந்தக் கோயில், எந்த ஒழுங்கை. கட்டாரில் அந்தக் கேள்விகள் வரும்போதெல்லாம் அவள் கதையை மாற்றினதை இப்போது யோசித்துப் பார்க்கிறோம். விடியவும் பின்னேரமும் காலில் தளநார், இடுப்பில் பாளைக்கத்தி, ஒரு நாளைக்கு எத்தனை பனை. அவர் இறக்கின கள்ளைக் குடித்த வீடுகளில் அவருக்குத் தண்ணி கொடுத்தது சிரட்டையில். 1968 இல் மாவிட்டபுரம் கோயில் வாசலில் உள்ளே விடச் சொல்லி நின்ற கூட்டத்தில் தானும் நின்றதாய் அவர் சொல்லுவாராம். அப்பா அந்தத் தொழிலுக்குப் போகவில்லை. வீட்டில் பாளைக்கத்தியைக்கூட வைத்திருக்கவில்லை. "அந்த ஐயா தேய்ப்பானை எடுத்துக் காட்டேக்க எவ்வளவு பெருமையாக் காட்டினார், பாத்தனீங்களே? எங்கட வீட்டில கத்தியை ஒளிச்சு வைச்சவை."

இதற்குப் பிறகு யார் என்ன சொல்வது. ஹட்டன்காரன்தான் சொன்னான். "எனக்குப் புரியுது. தொழிலுக்கு மரியாத வேணும், அது சரி. ஆனா குடிக்கு மரியாத வேணும்னு சொல்லாத. எங்க லயத்துல ஒரு வீடு பாக்கியில்ல."

"நான் குடியைச் சொல்லேல்லை, சீவினவரைச் சொல்லுறன்."

"ரெண்டும் ஒரே போத்தல்லதான் வருது."

அப்படியே அலசானிப் பள்ளத்தாக்கு முழுக்க இது போனது. மன்னார்க்காரி இடையில் புகுந்து ஒரு நியாயமான விசயம் சொன்னாள்: கள்ளு ஒரு நாளில் புளித்துவிடும், அதை வைனோடு வைத்துப் பார்க்கவே ஏலாது, அதுக்கு எப்படி அரண்மனையும் நிலவறையும் வரும். ஓரளவுக்குச் சரிதான். வடக்கில் பனை தென்னை வள அபிவிருத்திக் கூட்டுறவுச் சங்கங்கள் இருக்கின்றன, போத்தலில் அடைத்த கள்ளும் வருகிறது, வெளிநாட்டுக்கும் போகிறது. ஆனாலும் போத்தலில் ஒட்டியிருக்கிற படத்தில் பனை மட்டும்தான் இருக்கும், அதில் ஏறின ஆள் இருக்க மாட்டார் என்றாள் வலிகாமத்தாள். நாங்கள் எல்லாப் போத்தலையும் பார்த்தவர்கள் இல்லை. எங்கள் நினைவில் இருக்கிறவற்றில் ஆள் இல்லை.

கடைசி இடம் சினந்தாலி. கவிஞரும் பிரபுவுமான அலெக்சாந்தர் சவ்சவாட்சேயின் மாளிகை. 1783 ஒப்பந்தத்தில் எரெக்லேக்காகக் கையெழுத்துப் போட்டவர்களில் ஒருவர் இவருடைய தகப்பன். மகனோ பதினெட்டு வயதிலேயே ரஷ்யாவுக்கு எதிரான கிளர்ச்சியில் சேர்ந்து, பிறகு ரஷ்ய இராணுவத்திலேயே ஜெனரலாகி, 1832 சதியில் மறுபடி மாட்டி நாடு கடத்தப்பட்டவர். ஒரே மனிதனுக்குள் இவ்வளவும். ஐரோப்பிய முறையில் வைன் செய்து போத்தலில் அடைத்ததும் இங்கேதான். நிலவறையில் தூசி மூடின போத்தல்கள் அடுக்கடுக்காய்க் கிடக்கின்றன. 1841 ஆம் ஆண்டுச் சாபெராவி ஒன்றைக் கம்பிக்குப் பின்னால் காட்டினார்கள். தோட்டம் அழகு. சுற்றுலாக்காரர்களுக்கு இந்த இடம்தான் ஆகலும் பிடிக்கும் என்று அக்கா சொன்னாள். எங்களுக்கு இதுதான் ஆகலும் குறைவாய்ப் பிடித்தது. எல்லாம் துடைத்து மினுக்கி, கதிரை மேசை எல்லாம் அந்தந்த இடத்தில்.

உள்ளே சொல்கிற கதைகள் நல்ல கதைகள்தான். மகள் நீனோ சின்ன வயதிலேயே ரஷ்ய எழுத்தாளர் கிரிபோயெதோவைக் கலியாணம் செய்து, சில மாதத்திலேயே அவர் தெஹ்ரானில் கொல்லப்பட, சாகும் வரைக்கும் கறுப்பு உடுப்போடு இருந்தது. 1854 இல் இமாம் ஷாமிலின் ஆட்கள் மலையால் இறங்கி இளவரசிகளையும் பிள்ளைகளையும் பிடித்துக்கொண்டு போய் எட்டு மாதம் பிணை வைத்தது. அவர்களை மீட்க 40,000 ரூபிளும், ரஷ்யரிடம் பிணையாய் இருந்து வளர்ந்த ஷாமிலின் மகனும் கொடுக்கப்பட்டது. பிறகு கடனில் தோட்டமே கைமாறி ரஷ்ய அரச குடும்பத்திடம் போனது.

ஒவ்வொரு அறையாய்க் கேட்டுக்கொண்டு வந்த வலிகாமத்தாள், "திராட்சையை மிதிச்சது ஆர்?" என்று கேட்டாள்.

மாளிகை வழிகாட்டிக்குக் கேள்வி விளங்கவில்லை. எங்கள் அக்காவுக்கு விளங்கியது. பண்ணையடிமைகள் என்றாள். 1860கள் வரைக்கும் இங்கே நிலத்தோடு சேர்த்துக் குடியானவர்களும் பிரபுவின் சொத்து. சாடி புதைத்தது, கொடி வெட்டினது, மிதித்தது எல்லாம் அவர்கள். அவர்களுக்கு இந்த மாளிகையில் அறை இல்லை. "நான் அதைத் தினமும் சொல்வதில்லை" என்றாள் அக்கா. "ஆட்கள் விடுமுறைக்கு வருகிறார்கள்." தன் பாட்டியின் குடும்பமும் அப்படிப்பட்ட குடும்பம்தான் என்று வெளியே வந்த பிறகு சொன்னாள். அன்றைக்கு முழுக்க அரசர்களைப் பற்றிப் பேசின வாய், முதல் தரம் தன் வீட்டைப் பற்றிப் பேசினது அப்போதுதான். இரண்டு பேரும் தோட்டத்து வாங்கில் உட்கார்ந்து கனநேரம் கதைத்தார்கள். மற்ற மூன்று பேரும் தள்ளி நின்றோம்.

வாசலில் இருந்த கடையில் மன்னார்க்காரி ஒரு போத்தலை எடுத்துக்கொண்டு காசு கொடுக்க நின்றாள். தன் வாழ்க்கையில் முதல் தரம் வாங்குகிறாளாம். பெண்களுக்கு மதுபானம் விற்கக்கூடாது என்று 1979 இல் எங்கள் நாட்டில் ஒரு விதி வந்ததையும், 2018 ஜனவரியில் நிதியமைச்சர் அதை நீக்க, சில நாளிலேயே ஜனாதிபதி திருப்பி எடுக்கச் சொன்னதையும் அக்காவுக்குச் சொன்னோம். அவள் நாங்கள் பகிடி விடுகிறோம் என்று நினைத்தாள்.

போத்தலைக் கட்டாருக்குக் கொண்டுபோக ஏலாது, விமான நிலையத்தில் எடுத்துவிடுவார்கள். அன்றிரவே விடுதி மொட்டைமாடியில் மூன்று பேர் அதைத் திறந்தோம். ஹட்டன்காரன் பக்கத்தில் இருந்து அம்மாவோடு போனில் கதைத்துக்கொண்டிருந்தான்.

"குடிச்சியாடா?"

"இல்லம்மா."

"சத்தியமா?"

"சத்தியமா. பாண்ல ஊத்தினேன்."

ஏன் பாணில் ஊற்றினாய் என்று கேட்டிருக்க வேணும். அவன் விளக்கிக்கொண்டிருந்தான். அந்தப் பக்கத்தில் கொஞ்ச நேரம் ஒரு சத்தமும் இல்லை. பிறகு அம்மா, அங்கே குளிரா, கம்பளி இருக்கா என்று கேட்டார். அவனுடைய பையில் பன்னிரண்டு சுர்ச்கேலா இருந்தது. டோஹாவில் ஸ்கேனரில் அதைப் பார்த்த அதிகாரி வெளியே எடுக்கச் சொல்லி, இது என்ன என்று கேட்டார். திராட்சையும் வால்நட்டும் என்றான். முகர்ந்து பார்த்துவிட்டுப் போக விட்டார். ஆறு இப்போது ஹட்டனில் இருக்கிறது. மூன்றை நாங்கள் தின்றுவிட்டோம். மிச்சம் மூன்றையும் வலிகாமத்தாள் ஊருக்குப் போகும்போது கொண்டுபோகிறாள். அப்பப்பாவுக்குப் பல்லில்லை, வெட்டித்தான் கொடுக்க வேணும்.